கடல் கடந்த குரல் – 4: கோல்நார் பேசினாள்

சென்ற வாரம் ஒரு நெருக்கடியில் நிறுத்தியிருந்தோம். கதை தயார். ஒலிப்பதிவுக் கருவி தயார். பம்பாய் இம்பீரியல் பிலிம் கம்பெனி முதலாளி அர்தேஷிர் இரானி, படப்பிடிப்பைத் தொடங்கச் சொல்லிவிட்டார். பாரசீக மொழியில் முதல் பேசும்படம். கதையும் வசனமும் எழுதிய அப்துல் உசேன் செபந்தா, தானே நாயகனாகவும் நடிக்கப் போகிறார். எல்லாம் இருந்தது. நாயகி மட்டும் இல்லை.

1933-ஆம் ஆண்டின் முற்பகுதி அது. செபந்தாவுக்கு வயது 25. தெஹ்ரானில் பிறந்து, பழைய ஈரானின் வரலாற்றின் மீது மாளாத காதல் கொண்டு, அதைத் தேடி 1927-இல் இந்தியா வந்தவர். ஜரதுஷ்டிர சமயத்தின் பழைய நூல்களும் அவற்றை ஓதி உணர்ந்த அறிஞர்களும் ஈரானைவிடப் பம்பாயில்தான் கூடுதலாக இருந்தார்கள். தின்ஷா இரானி என்ற பார்சி வழக்கறிஞரின் அன்பு அவருக்குக் கிடைத்தது. 1932-இல் ரவீந்திரநாத் தாகூர் ஈரான் போனபோது கூடவே போனவர் இந்த தின்ஷா. அவருடைய நிழலில் செபந்தா கவிதை எழுதினார், மொழிபெயர்த்தார், நூல்கள் எழுதினார். சினிமா அவர் திட்டத்திலேயே இல்லை. பம்பாய்தான் அவர் கையில் அதைத் திணித்தது.

அப்படிப்பட்டவர் இப்போது ஒரு பெண்ணைத் தேடி அலைந்துகொண்டிருந்தார்.

பம்பாயில் நடிகைகளுக்குப் பஞ்சமில்லை. ஆனால் அவர்களுக்குப் பாரசீகம் வராது. ஊமைப்படமாக இருந்தால் யாரையாவது நிறுத்தி வாயசைக்கச் சொல்லிவிடலாம். இது பேசும்படம். ஒலியும் காட்சியும் ஒரே நேரத்தில் பதிவாக வேண்டிய காலம். பிறகு குரல் கொடுத்துக்கொள்ளலாம் என்ற வசதி இல்லை. பாரசீகம் பேசத் தெரிந்த இரானிக் குடும்பத்துப் பெண்களைக் கேட்டால் கதவு சாத்தப்பட்டது. ஈரானில் முஸ்லிம் பெண் ஒருத்தி முக்காடு இல்லாமல் கேமரா முன்னால் வருவது அன்று நினைத்தே பார்க்க முடியாத காரியம். அரசாங்கமே முக்காட்டைத் தடை செய்தது 1936-இல்தான். அதற்கு மூன்று ஆண்டு முந்தைய கதை இது.

விடை ஸ்டூடியோவுக்குள்ளேயே இருந்தது.

இம்பீரியலில் வேலை பார்த்த ஈரானியர் ஒருவரின் இளம் மனைவி. பெயர் ரூஹங்கீஸ். ஈரானின் தென்கிழக்கே, கெர்மான் பக்கம் பாம் என்ற ஊரைச் சேர்ந்தவர். வயது பதினாறு. மேடை ஏறியதில்லை, நடித்ததில்லை. கணவரிடம் பேசி, அவரிடமும் பேசி, இருவரையும் சம்மதிக்க வைத்தார்கள். கேமரா முன்னால் நிறுத்தி வசனம் சொல்லச் சொன்னபோது ஒரு புதுச் சிக்கல் தலையெடுத்தது. பெண் பேசியது சுத்தமான கெர்மான் பேச்சு. தெஹ்ரான் படிப்பாளிகள் நாடகத்தில் பேசும் மொழி அவர் நாவில் வரவில்லை.

மாற்றுவதா, விடுவதா?

•

இந்த இடத்தில் சற்று நிற்கிறேன். காரணம் இருக்கிறது. சென்ற வார அத்தியாயத்தைப் படித்துவிட்டு, தேவாரம் பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் ஒரு பெரியவர் என்னைப் பிடித்துக்கொண்டார்.

“ஏப்பா, சாக்கலூத்து மெட்டுக்கு இன்னும் ரோடு வரல. அத எழுதுறத விட்டுட்டு ஈரான்காரன் கதைய எதுக்குப்பா எழுதுற? நமக்கும் அவனுக்கும் என்ன இருக்கு?”

“இருக்குய்யா. நம்ம தமிழுக்கு முதல் பேசும்படம் எடுத்துக் குடுத்த அதே கொட்டகைலதான் அவங்களுக்கும் முதல் படம் எடுத்தாங்க. அதே முதலாளி.”

அவர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, “மெய்யாவா?” என்றார்.

மெய்தான். அர்தேஷிர் இரானி ஈரானிலிருந்து வந்து குடியேறிய ஜரதுஷ்டிரக் குடும்பத்தவர். 1886-இல் புனேயில் பிறந்தவர். இந்தியாவின் முதல் பேசும்படமான ‘ஆலம் ஆரா’ 1931 மார்ச் 14-இல் அவர் கையிலிருந்து வந்தது. ஸ்டூடியோவை ஒட்டி ரயில் பாதை ஓடியதால் வண்டிச் சத்தம் ஓய்ந்த நள்ளிரவுக்குப் பிறகுதான் அதைப் படமெடுக்க முடிந்தது. அதே ஆண்டு, அந்தப் படத்துக்குப் போட்ட அரங்குகளிலேயே ‘காளிதாஸ்’ எடுத்தார்கள். இயக்கம் எச்.எம். ரெட்டி. நாயகி திருவையாற்று டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேசினார். நாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். பாட்டு எழுதியவர் நம் மதுரையில் வாழ்ந்த மதுரகவி பாஸ்கரதாஸ். காளிதாசன் கதைக்கு நடுவே காந்தியின் ராட்டினத்துக்கும் ஒரு பாட்டு உண்டு. அந்தப் படச்சுருள் பெட்டி பம்பாயிலிருந்து சென்னைக்கு ரயிலில் வந்து இறங்கியபோது மக்கள் பூவும் பன்னீரும் தூவி, ஊர்வலமாகக் கினிமா சென்ட்ரல் தியேட்டருக்குக் கொண்டுபோனார்கள். 1931 அக்டோபர் 31-இல் படம் வெளியாயிற்று. வாசகர்கள் இந்தப் பெட்டியையும் ஊர்வலத்தையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இன்னொரு பெட்டி வரப்போகிறது.

ஆக, தமிழ் திரையில் முதலில் வாய் திறந்தது தமிழ்நாட்டில் அல்ல. பாரசீகமும் ஈரானில் வாய் திறக்கவில்லை. மொழிக்குச் சொந்தமான மண்ணில் கருவி இல்லை, முதல் இல்லை. வேறு ஊரில் இருந்தது. விடியுமுன்னே ஜீப்பில் ஏறி, மெட்டு தாண்டி, கேரளத்து ஏலத்தோட்டத்தில் காய் எடுத்துவிட்டு இருட்டியபின் வீடு திரும்பும் தேவாரத்துப் பெண்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வேலை எங்கே இருக்கிறதோ அங்கே போகிறோம். போன இடத்தில் செய்ததைச் சொந்த ஊர் எப்படி வரவேற்கிறது என்பதுதான் செபந்தாவின் கதை.

அந்தப் பேச்சுப் பிரச்சினைக்கு வருவோம்.

•

செபந்தா விட்டுவிட்டார். ரூஹங்கீஸ் தன் ஊர்ப் பேச்சிலேயே பேசினார்.

இது கட்டாயத்தால் எடுத்த முடிவுதான். வேறு நடிகை கிடைத்திருந்தால் அவரும் தெஹ்ரான் பேச்சையே வைத்திருப்பார். ஆனாலும் என்ன நடந்தது பாருங்கள். ஒரு மொழியின் முதல் பேசும்படத்திலேயே, தலைநகரத்துப் பேச்சு அல்லாத ஒரு வட்டாரப் பேச்சு, ஒரு சாதாரணப் பெண்ணின் வாய்வழியே, நாயகியின் குரலாகப் பதிவாகிவிட்டது. தமிழில் நம் பக்கத்துப் பேச்சு, ஜோடனை இல்லாமல், நாயக நாயகியின் பேச்சாகத் திரையேற 1977 வரை ஆயிற்று. அல்லிநகரத்துப் பாரதிராஜா ‘16 வயதினிலே’ எடுத்தார். பண்ணைப்புரத்து இளையராஜா இசையமைத்தார். ஏலமலைச் சரிவில் சுமை தூக்கி நடக்கிற ஆளே கதையின் மையமாக வந்தது இன்னும் பிந்தி, லெனின் பாரதியின் ‘மேற்குத் தொடர்ச்சி மலை’யில், 2018-இல். இதை வைத்துப் பார்த்தால்தான் பாம் நகரத்து அந்தப் பெண்ணின் குரலுக்கு உள்ள மதிப்பு விளங்கும்.

படத்தின் பெயர் ‘துக்தரே லோர்’. லோர் நாட்டுப் பெண் என்று வைத்துக்கொள்ளலாம். கதை இது: லோரிஸ்தான் மலைப்பகுதியில் ஒரு தேநீர்க் கடை. வழிப்போக்கர்கள் முன் ஆடிப் பிழைக்கிறாள் கோல்நார். சிறுமியாக இருந்தபோதே குலி கான் என்ற கொள்ளைத் தலைவன் அவளைக் கடத்திவந்துவிட்டான். கொள்ளையரை ஒடுக்க அரசு அனுப்பிய ஜாஃபர் அந்தக் கடைக்கு வருகிறான். இருவருக்கும் நெஞ்சம் கலக்கிறது. குலி கானுக்குத் தெரிகிறது. சண்டை, சிறை, தப்பி ஓட்டம். ஓடி எங்கே வருகிறார்கள்? பம்பாய்க்கு! ஈரானில் புது ஆட்சி வந்து ஒழுங்கு திரும்பிவிட்டது என்று அறிந்த பிறகே தாய்நாடு போகிறார்கள்.

‘நேற்றைய ஈரானும் இன்றைய ஈரானும்’ என்று படத்துக்கு இன்னொரு பெயரும் உண்டு. 1925-இல் அரியணை ஏறிய ரேஸா ஷாவின் ஆட்சிக்கு இது நல்ல விளம்பரம் என்பதைச் செபந்தா அறியாதவரல்ல. படம் ஈரானில் ஓட வேண்டும். அதற்கு அரண்மனை முகம் கோணக்கூடாது. அதற்காக அவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. அந்தக் கதைக்குள்ளே அவர் ஒளித்து வைத்த சொந்தக் கனவைத்தான் நான் பார்க்கிறேன். பம்பாயில் அடைக்கலம் புகுந்தவன் ஒருநாள் மதிப்போடு ஊர் திரும்புவான் என்ற கனவு.

படப்பிடிப்பு மாதக்கணக்கில் நீண்டது. ஏறக்குறைய அத்தனை பேரும் நடிப்புக்குப் புதியவர்கள். கதை, வசனம், நாயக வேடம் என்று செபந்தாவே எல்லாவற்றையும் இழுத்துக்கொண்டு போனார். இயக்குநர் என்று அர்தேஷிர் இரானியின் பெயர் போடப்பட்டது.

1933 நவம்பரில் படம் தெஹ்ரானுக்குப் போய்ச் சேர்ந்தது. அங்கே ஒரு போட்டியாளர் இருந்தார்.

•

ஒவானெஸ் ஒஹானியான். ஆர்மீனியர். மாஸ்கோவில் சினிமா படித்துவிட்டு வந்து, தெஹ்ரானில் நடிப்புப் பள்ளி தொடங்கி, 1930-இல் ‘ஆபியும் ராபியும்’ என்ற ஈரானின் முதல் முழுநீளப் படத்தை எடுத்தவர். ஊமைப்படம். அடுத்த படமான ‘ஹாஜி ஆகா, சினிமா நடிகர்’ என்பதையும் ஊமையாகவே எடுத்துக்கொண்டிருந்தார். சினிமாவே பாவம் என்று நினைக்கும் ஒரு மதப் பற்றாளர், தன்னை அறியாமலே படத்தில் நடித்துவிட்டு, திரையில் தன்னைக் கண்டு மனம் மாறும் அழகான கதை. சினிமாவைப் பற்றி அத்தனை முன்பே சினிமா எடுத்த அந்த மனிதருக்கு எழுந்து நின்று வணக்கம் சொல்லத் தோன்றுகிறது.

ஆனால் காலம் அவரை முந்திவிட்டது. அதுவரை தெஹ்ரான் கொட்டகைகளில் பெரும்பாலும் வெளிநாட்டுப் படங்கள்தான். எழுத்துத் தெரியாத கூட்டத்துக்காக ஒருவர் நின்று, திரையில் வரும் வாசகங்களை உரக்கப் படித்துச் சொல்வார். அப்படிப்பட்ட இடத்தில், மாயாக் சினிமாவின் திரையிலிருந்து கோல்நார் பாரசீகத்தில் பேசினாள். சொந்த மொழி. அதுவும் தெருவிலும் சமையலறையிலும் கேட்கிற மொழி. பார்த்தவர்களே மறுபடி பார்க்க வந்தார்கள். கொட்டகை மாறி, மாதக்கணக்கில் படம் ஓடிற்று. 1934-இல் வெளிவந்த ஒஹானியானின் ஊமைப்படம் அந்தக் குரலுக்கு முன் நிற்க முடியாமல் சாய்ந்தது. நல்ல படம் ஒன்று ஓசை இல்லாத காரணத்தால் தோற்றது. பின்னாளில் அவரும் பிழைப்புத் தேடி இந்தியா வந்தார்.

செபந்தா வென்றார். ரூஹங்கீஸ்?

இந்தத் தொடரில் எழுதவே கை கூசும் பகுதி இது. அவர் குரலைக் கேட்கக் காசு கொடுத்து வரிசையில் நின்ற அதே ஊர், அவரைத் தெருவில் ஏசிற்று. முகம் காட்டிய பெண் என்று துன்புறுத்திற்று. செபந்தாவின் இன்னொரு படத்தில் நடித்ததோடு சினிமாவை விட்டு விலகினார். யாரும் அடையாளம் காணாதபடி ஒதுங்கி வாழ்ந்தார். 1997-இல், 80 வயதில் இறந்தார். அதற்குப் பல ஆண்டு முன்பு ஒரு ஆவணப்படத்துக்காகத் தேடிக் கண்டுபிடித்துக் கேட்டபோது, அந்தப் படத்தால் தான் பட்ட பாட்டைத்தான் சொன்னார்.

நம் ராஜலட்சுமியும் ஏச்சு வாங்காதவர் அல்ல. ஆனால் அவருக்கு ஒரு மேடை இருந்தது, பாட்டு இருந்தது, தானே எழுதும் கை இருந்தது. ‘கமலவல்லி’ என்ற தன் நாவலையே ‘மிஸ் கமலா’ என்று படமாக்கி, 1936-இல் தமிழின் முதல் பெண் இயக்குநராக நிமிர்ந்து நின்றார். ஒரே ஸ்டூடியோவில் இரு மொழிகளுக்கு முதல் குரல் கொடுத்த இரு பெண்கள். ஒருவரைச் சினிமா ராணி என்று கொண்டாடினோம். மற்றவரை அவர் ஊர் ஊமையாக்கிற்று.

•

தெஹ்ரானின் வெற்றி செபந்தாவை நேராக அரண்மனை வாசலில் கொண்டுபோய் நிறுத்தியது. 1934 அக்டோபரில் ஈரான் ஒரு பெருவிழாவுக்குத் தயாராகிக்கொண்டிருந்தது. ‘ஷாநாமா’ பாடிய பிர்தௌசி பிறந்து ஆயிரம் ஆண்டு. தூஸ் நகரத்தில் புதுக் கல்லறை மண்டபம். உலகெங்கிலுமிருந்து கீழைத்தேய அறிஞர்கள் வருகிறார்கள். விழாவுக்கென்று ஒரு படம் வேண்டும். எழுதினார், இயக்கினார், பிர்தௌசியாகத் தானே நடித்தார் செபந்தா.

கவிஞனின் வாழ்க்கையை எழுதினால் ஒரு காட்சியைத் தவிர்க்க முடியாது. முப்பது ஆண்டு உழைத்து ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்ட ஈரடிகளில் காவியம் பாடியவனுக்கு, கஜினி சுல்தான் மஹ்மூது பொன் தருவதாகச் சொல்லிவிட்டு வெள்ளி கொடுத்து அனுப்பினான் என்ற பழங்கதை. நொந்துபோன கவிஞன் அந்த வெள்ளியை வாரி இறைத்துவிட்டு நாட்டைவிட்டே ஓடினான் என்பார்கள். புலவனுக்குப் பரிசில் நீட்டித்தவனைப் பாடி வைத்த தமிழருக்கு இந்தக் காட்சியின் சூடு எளிதில் புரியும். செபந்தா அதை எழுதினார். சுல்தானின் சிறுமையைச் சிறுமையாகவே காட்டினார்.

ரேஸா ஷா படத்தைப் பார்த்தார். ஒரு மன்னனை இப்படியா காட்டுவது?

ஆணை பிறந்தது. சுல்தான் வரும் காட்சிகளை மாற்ற வேண்டும். மறுபடி எடுக்க வேண்டும். ஒன்பது நூற்றாண்டுக்கு முன் இறந்த ஒரு மன்னனின் மானத்தைக் காக்க, உயிரோடிருந்த மன்னர் ஒருவர் முன்வந்தார். செபந்தா பணிந்தார். காட்சிகள் மாறின. கூலி மறுக்கப்பட்ட கவிஞனின் வேடத்தைப் போட்டவரே, தான் எழுதியதைத் தானே அழித்து எழுத வேண்டியதாயிற்று. அந்த நாளில்தான் அவருக்கு முதல் சந்தேகம் எழுந்திருக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். ‘துக்தரே லோர்’ முடிவில் கோல்நாரும் ஜாஃபரும் நம்பித் திரும்பிய அந்த ‘இன்றைய ஈரான்’ எழுத்துக்காரனுக்கு இடம் தருமா?

சந்தேகத்தோடேயே வேலை செய்தார். நிஜாமி பாடிய காதல் கதையான ‘ஷீரீனும் பர்ஹாதும்’, பாட்டுகள் நிறைந்த படமாக வந்தது. அடுத்து, பம்பாயில் வேறொரு கம்பெனிக்காக ‘கருங்கண்கள்’. நாதிர் ஷா இந்தியாவின்மீது படையெடுத்த காலத்தைப் பின்னணியாகக் கொண்ட கதை. இந்தியாவின் சோற்றை உண்டுகொண்டு, இந்தியாவைக் கொள்ளையடித்த ஈரானிய மன்னனின் காலத்தைக் கதையாக்குவது கூரிய கத்திமேல் நடப்பது. அந்தத் துணிச்சலும் அவருக்கு இருந்தது.

கடைசியாகக் கல்கத்தா. ஈஸ்ட் இந்தியா பிலிம் கம்பெனி. தெலுங்குக்காரர்கள் 1934-இல் ‘லவகுசா’ எடுத்த இடம். அங்கேதான் ‘லைலா மஜ்னு’வைப் பாரசீகத்தில் எடுத்தார். நான்கே ஆண்டில் ஐந்து படங்கள். எழுத்து ஐந்துக்கும் அவருடையது. பெரும்பாலானவற்றில் நடிப்பும் அவருடையது. பாரசீகப் பேசும்படம் என்றால் அன்று செபந்தா என்ற ஒரு மனிதர்தான். அத்தனையும் இந்திய மண்ணில் நடந்தது.

இனி இந்தியாவில் இல்லை, ஈரானிலேயே ஒரு ஸ்டூடியோ வேண்டும் என்று அவர் முடிவு செய்தார். தெஹ்ரானில் ஒரு கொட்டகை எழுப்பி, ஈரானியப் பிள்ளைகளுக்குத் தொழிலைக் கற்றுக்கொடுத்து, சொந்த மண்ணில் சொந்த மொழியில் படம் எடுக்க வேண்டும். அரசு கொஞ்சம் கை கொடுத்தால் போதும். ஐந்து படங்களின் பெயரைச் சொல்லிக் கேட்கலாம். ஐந்தாவதைக் கையிலேயே கொண்டுபோய்க் காட்டலாம்.

1936 செப்டம்பர். செபந்தாவுக்கு வயது 29. பாரசீக வளைகுடாவின் புஷெர் துறைமுகத்தில் கப்பலைவிட்டு இறங்குகிறார். ஒன்பது ஆண்டுக்கு முன் புத்தகம் தேடி இந்தியா வந்த இளைஞர், ‘லைலா மஜ்னு’ படச்சுருள் பெட்டியோடு தாய்நாட்டு மண்ணை மிதிக்கிறார். சென்னையில் ‘காளிதாஸ்’ பெட்டிக்குப் பூமாரி பொழிந்து ஐந்து ஆண்டு ஆகியிருந்தது.

துறைமுகத்தில் அதிகாரிகள் பெட்டியைப் பார்த்தார்கள். காகிதங்களைப் பார்த்தார்கள். அவரைப் பார்த்தார்கள். முகத்தில் சிரிப்பில்லை. பெட்டியை இப்போது விட முடியாது என்றார்கள். இது ஈரானியப் படம், நம் மொழிப் படம் என்பதெல்லாம் அங்கே எடுபடவில்லை. காரணமும் தெளிவாகச் சொல்லப்படவில்லை. வந்த நாளே அவரை அந்நியராக நடத்தினார்கள்.

படத்தைத் துறைமுகத்திலேயே விட்டுவிட்டு, வெறுங்கையோடு தெஹ்ரானுக்குப் புறப்பட்டார் செபந்தா.

அந்தப் பெட்டி வெளியே வந்ததா? மூன்று ஆண்டுக்கு முன் அவர் படத்தை மாதக்கணக்கில் ஓட்டிப் பணம் பார்த்த தெஹ்ரான் தியேட்டர்காரர்கள் இப்போது அவருக்கு என்ன பதில் சொன்னார்கள்? ‘லைலா மஜ்னு’வுக்குப் பிறகு அடுத்த பாரசீகப் பேசும்படம் வெளிவர 1948 ஆயிற்று. நடுவே பதினோரு ஆண்டு. கோல்நார் பேசிய மொழியைத் திரையில் மறுபடி வாயடைத்தது யார்?

(தொடரும்)